நாலு காட்சிக்கு வருபவர்: பிரிட்டனில் குணச்சித்திர நடிகரின் பிழைப்பு

ஜான் லெ மெஸூரியர் என்றொரு நடிகர். 1912இல் பெட்ஃபர்டில் பிறந்தவர். வக்கீல் ஆபீஸில் தொழில் பழகிக்கொண்டிருந்தவர் அதை விட்டுவிட்டு நடிப்புப் பள்ளியில் சேர்ந்தார். 120க்கும் மேற்பட்ட படங்களில் அவர் முகம் வருகிறது. டாக்டராக வருவார், கோர்ட்டில் வாதாடுவார், ராணுவ அதிகாரியாக நிற்பார். 1969இல் வந்த 'தி இத்தாலியன் ஜாப்' படத்தில் சிறை அதிகாரி. நாலு காட்சி, சில படங்களில் ஒரே காட்சி. நாடு முழுக்க அவரைப் பெயர் சொல்லி அழைக்க ஆரம்பித்தது பிபிசியின் 'டாட்ஸ் ஆர்மி' தொடருக்குப் பிறகுதான். 1968இல் அது தொடங்கியபோது அவருக்கு வயது 56.

தமிழ் சினிமாவில் இப்படிப்பட்டவரைக் குணச்சித்திர நடிகர் என்போம். பிரிட்டனில் இந்த இடத்தையே குறிவைத்துத் தொழிலுக்கு வருபவர்கள் நிறைய. நட்சத்திரத்துக்குப் படம் ஓட வேண்டும். இவருக்கோ, இன்று வேலை கொடுத்த இயக்குநர் அடுத்த வருஷமும் கூப்பிட வேண்டும். தொழிலின் கணக்கு முழுவதும் அதில் அடங்கிவிடுகிறது.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். தெருவில் நடந்துபோகிறவராக, மதுக்கடையில் பின்னால் உட்கார்ந்திருப்பவராக வருபவர்களை அங்கே 'சப்போர்ட்டிங் ஆர்ட்டிஸ்ட்' என்கிறார்கள். அவர்களை அனுப்பும் ஏஜென்சி தனி, சம்பள விகிதம் தனி. நாம் இங்கே பேசுவது வசனமும் பாத்திரமும் உள்ள நடிகர்களைப் பற்றி. இவர்களிலும் படிகள் உண்டு. ஒரு நாள் மட்டும் வந்து இரண்டு வரி பேசுபவர், தொடரின் ஒரு அத்தியாயத்துக்குச் சிறப்பு வேடத்தில் வருபவர், வாராவாரம் வரும் நிரந்தர நடிகர், படத்தில் நாயகனுக்கு அடுத்த கனமான வேடம் செய்பவர். ஒரே ஆள் ஒரே வருஷத்தில் இந்த நாலையும் செய்வது சகஜம். போன மாதம் பெரிய வேடம் செய்தவர் இந்த மாதம் தபால்காரராக இரண்டு வரி பேசப் போவதை யாரும் இறக்கமாக நினைப்பதில்லை.

எங்கே பழகினார்கள்

1950களிலும் 60களிலும் திரைக்கு வந்த தலைமுறை பெரும்பாலும் 'ரெப்' என்ற பட்டறையில் அடிபட்டு வந்தது. ரெப்பர்ட்டரி தியேட்டரின் சுருக்கம் அது. ஊருக்கு ஊர் ஒரு நாடகக் குழு, பல இடங்களில் வாரத்துக்கு ஒரு புது நாடகம். திங்கள் இரவு நாடகம் அரங்கேறும். செவ்வாய் காலையே அடுத்த வார நாடகத்தின் முதல் அங்கத்துக்கு ஒத்திகை. பகலில் புதியது, இரவில் பழையது என்று சனி வரை ஓடும். ஞாயிறு அரங்க அமைப்பு மாறும். திங்கள் பகலில் முழு ஒத்திகை, இரவில் மறுபடியும் அரங்கேற்றம். சமகாலக் கதை என்றால் உடுப்பும் நடிகருடையதே. ஒரு நல்ல கோட்டு சூட்டு, ஒரு விருந்துக்கோட்டு, பெண்களுக்கு ஒரு மாலைநேர கவுன் இல்லாதவருக்கு வேலை கிடைப்பது கஷ்டம்.

இந்தப் பழக்கத்தில் ஒரு கெடுதல் உண்டு. யோசிக்க நேரமில்லாததால் கைவசமுள்ள பாவனைகளையே மாற்றி மாற்றிப் போடும் பழக்கம் ஒட்டிக்கொள்ளும். ஆனால் வசனத்தை ராத்திரியோடு ராத்திரியாகப் பாடம் செய்வதும், பக்கத்தில் ஒருவர் தடுமாறினால் ஒப்பேற்றுவதும் அவர்களுக்குக் கைவந்த கலையாயின. 1955இல் ஐடிவி என்ற தனியார் தொலைக்காட்சி தொடங்கி, தொலைக்காட்சி நாடகங்கள் நேரலையாகப் போய்க்கொண்டிருந்தபோது அந்தத் திறமைக்கு நல்ல விலை இருந்தது. 1958 நவம்பர் 30 அன்று 'ஆர்ம்சேர் தியேட்டர்' வரிசையில் ஒரு நாடகம் ஓடிக்கொண்டிருக்கும்போதே கேரெத் ஜோன்ஸ் என்ற நடிகர், தான் வராத இடைவெளியில் சரிந்து விழுந்து இறந்துபோனார். மற்றவர்கள் அவருடைய வசனங்களைத் தங்களுக்குள் பகிர்ந்து, கதையை வளைத்து, நாடகத்தை முடித்துக் கொடுத்தார்கள். ரெப்பில் வளராதவர்களால் அது முடிந்திருக்காது.

ரெப் இன்று ஏறக்குறைய இல்லை. அதன் இடத்தில் நடிப்புப் பள்ளிகள் இருக்கின்றன. லண்டனின் ராடா 1904இல் தொடங்கியது. பெரும்பாலான பள்ளிகளில் மூன்று வருஷப் படிப்பு, முடிவில், நடிகர்களுக்கு வேலை பிடித்துத்தரும் ஏஜென்ட்டுகளுக்கும் வேடங்களுக்கு ஆள் எடுக்கும் காஸ்டிங் டைரக்டர்களுக்கும் மாணவர்களை நடிக்கவைத்துக் காட்டும் நிகழ்ச்சி. பள்ளியிலிருந்து நேரே வந்தவருக்குக் கேமரா அனுபவம் கொடுத்தவை மலிவான நெடுந்தொடர்கள். 1984 முதல் 2010 வரை ஓடிய 'தி பில்' என்ற போலீஸ் தொடரில் திருடனாகவோ சாட்சியாகவோ தலைகாட்டாத நடிகர்களைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். பர்மிங்ஹாமில் எடுக்கப்பட்ட பிபிசியின் பகல் நேரத் தொடர் 'டாக்டர்ஸ்' 2000இல் தொடங்கி, அத்தியாயத்துக்கு அத்தியாயம் புது நோயாளிகளைக் கேட்டுக்கொண்டே இருந்தது. 2024இல் அது நிறுத்தப்பட்டதும், முதல் வேலை தேடுபவர்களுக்குத் திறந்திருந்த பெரிய கதவு ஒன்று மூடிக்கொண்டது. பெரிய தொடர்கள் எத்தனை வந்தாலும் அந்த இழப்பை அவை ஈடுகட்டாது என்றே சொல்ல வேண்டும். அவற்றில் ஏற்கெனவே கேமரா முன் நின்றவர்களைத்தான் தேடுகிறார்கள்.

வேலை வரும் வழி

தெரிந்துகொள்ள வேண்டிய பெயர்கள் இரண்டு. ஈக்விட்டி, 1930இல் உருவான நடிகர் சங்கம். குறைந்தபட்சச் சம்பளம், வேலை நேரம், மறுஒளிபரப்புத் தொகை ஆகியவற்றைத் தயாரிப்பாளர்களோடு பேசி முடிப்பது அது. ஒரு காலத்தில் அதன் அட்டை இல்லாமல் வேலை கிடைக்காது, வேலை பார்த்த சான்று இல்லாமல் அட்டை கிடைக்காது. அந்தச் சிக்கல் 1990 வாக்கில் சட்டத்தால் ஒழிந்தது. ஒரே பெயரில் இருவர் உறுப்பினராக இருக்கக் கூடாது என்ற விதி மட்டும் நிலைத்துவிட்டது. டேவிட் மெக்டானல்டாகப் பிறந்தவர் டேவிட் டென்னன்ட் ஆனது அதனால்தான். பெயர் முடிவு செய்யும் முன் சங்கத்தில் விசாரித்துவிடுவது நல்லது. விசிட்டிங் கார்டு அடித்த பிறகு பெயரை மாற்றுபவர்கள் வருஷாவருஷம் இருக்கிறார்கள்.

இரண்டாவது, ஸ்பாட்லைட். 1927இல் நடிகர்களின் படங்களைப் போட்டு அச்சிட்ட அடைவாகத் தொடங்கி, இப்போது இணையத்தில் இயங்குகிறது. ஒரு தொடருக்கு ஆள் எடுக்கும் காஸ்டிங் டைரக்டர் பாத்திரத்தின் வயது, பேச்சு வழக்கு, படப்பிடிப்பு நாட்கள் எல்லாம் குறித்து அதில் அறிவிப்பு போடுவார். ஏஜென்ட் தன் பட்டியலிலிருந்து பொருத்தமானவரை அனுப்புவார். ஒரு சின்ன வேடத்துக்கும் நூற்றுக்கணக்கில் பெயர்கள் குவியும். அதில் சிலருக்கு மட்டும் இரண்டு மூன்று பக்க வசனம் வரும்: வீட்டிலேயே படம்பிடித்து அனுப்புங்கள் என்று. இதுதான் 'செல்ஃப் டேப்'. நேரில் கூப்பிட்டுப் பார்ப்பதை, சின்ன வேடங்களைப் பொறுத்தவரை, இது பெரும்பாலும் விழுங்கிவிட்டது.

செல்ஃப் டேப்பில் நடிப்பைவிட வேறு காரணங்களால் தோற்பவர்கள் அதிகம். போனைக் கிடைமட்டமாக வைக்க வேண்டும். தலையிலிருந்து மார்பு வரை தெரிந்தால் போதும். பின்னால் வெற்றுச் சுவர், சாம்பல் அல்லது வெளிர் நீலம். ஜன்னல் முதுகுக்குப் பின்னால் இருந்தால் முகம் கறுத்துவிடும். அது முன்னால் இருக்க வேண்டும். எதிர்வசனம் படிப்பவர் கேமராவுக்கு ஒட்டிப் பக்கத்தில், நடிகரின் கண்மட்டத்தில் நிற்க வேண்டும். அவர் தள்ளி நின்றால் நடிகரின் ஒரு காதுதான் தெரியும். அவர் மைக்குக்குப் பக்கத்தில் இருப்பதால் குரலையும் தாழ்த்திப் படிக்க வேண்டும். இல்லையென்றால் அவருடைய குரலே படம் முழுக்க ஒலிக்கும். லென்ஸைப் பார்த்துப் பேசக் கூடாது, கேட்டிருந்தால் தவிர. தொடக்கத்திலோ முடிவிலோ பெயர், உயரம், ஊர், ஏஜென்ட் பெயர் சொல்லி ஒரு சிறு அறிமுகம். இரண்டு டேக் அனுப்பலாம், இரண்டும் உண்மையிலேயே வேறுபட்டிருந்தால். கோப்புக்குத் தன் பெயரும் பாத்திரத்தின் பெயரும் வைக்காமல் 'வீடியோ1' என்று அனுப்பினால், அது யாருடையது என்று தேடிக்கொண்டிருக்க அங்கே ஆளில்லை.

பதில் பெரும்பாலும் வராது. வந்தால் முதலில் 'பென்சில்' என்பார்கள். அந்த நாட்களைத் தற்காலிகமாக ஒதுக்கிவை என்று அர்த்தம். உறுதி இல்லை, பணமும் இல்லை. வேறு வேலை வந்தால் ஏஜென்ட் முதலில் பென்சில் போட்டவரைக் கேட்டுவிட்டுத்தான் ஒப்புக்கொள்வார். பென்சிலை நம்பி வாடகை கட்டத் திட்டமிடுவதுதான் புதியவர்கள் செய்யும் பெரிய தப்பு.

ஒரு நாள் வேலை

துப்பறியும் தொடர் ஒன்றில் பிணவறை டாக்டர் வேடம் என்று வைத்துக்கொள்வோம். ஒன்றரைப் பக்கம், ஒரு காட்சி, நாயகியான இன்ஸ்பெக்டரிடம் சாவு எத்தனை மணிக்கு நேர்ந்தது என்று சொல்ல வேண்டும். பிரிட்டிஷ் தொடர்களில் வழக்கமான ஒரு வேடம், பலருக்கும் எளிது என்று தோன்றுவது.

முந்தின நாள் மாலை மறுநாள் அட்டவணை வரும். வண்டி எத்தனை மணிக்கு, மேக்கப் எத்தனை மணிக்கு, கேமரா முன் எத்தனை மணிக்கு என்று அதில் தனித்தனியாக இருக்கும். கூடவே வசனத்தில் திருத்தங்களும் வரலாம். திருத்தின பக்கங்கள் வேறு வேறு நிறத்தில் அச்சாகும், எந்தப் பக்கம் புதியது என்று ஒரே பார்வையில் தெரிய. கடைசி நிறம் எது என்று உதவி இயக்குநரிடம் கேட்டுக்கொள்ளாதவர் பழைய வசனத்தைப் பாடம் செய்து வந்து நிற்பார்.

செட்டில் நூறு பேர் ஒருவரையொருவர் மாதக்கணக்கில் அறிந்தவர்கள். டாக்டராக வந்தவருக்கு ஒருவரையும் தெரியாது. இயக்குநர் கைகுலுக்கிவிட்டு நேரே வேலைக்கு வருவார். நடந்து பார்க்கும் ஒத்திகை பத்து நிமிஷம் இருக்கலாம். எங்கே நிற்பது என்று தரையில் டேப் ஒட்டுவார்கள். விளக்கு அமைக்க அரைமணி. பிறகு முழுக்காட்சியையும் அகல ஷாட்டில் எடுப்பார்கள். அடுத்து நாயகிக்குக் குளோசப். கடைசியில்தான் டாக்டருக்கு, அதுவும் நேரம் மிச்சமிருந்தால்.

சிக்கல் அகல ஷாட்டிலேயே ஆரம்பிக்கிறது. 'இரவு பதினொன்றுக்கும் ஒன்றுக்கும் இடையில்' என்று சொல்லும்போது டாக்டர் கையுறையைக் கழற்றினார் என்றால், அடுத்து எடுக்கும் எல்லா டேக்கிலும் அதே சொல்லில் கழற்ற வேண்டும். பதினொன்றில் ஒரு தடவை, ஒன்றில் ஒரு தடவை என்று மாற்றிச் செய்தால் எடிட்டர் இரண்டு ஷாட்டையும் ஒட்ட முடியாது. ஒட்ட முடியாதபோது அவர் நாயகியின் முகத்திலேயே தங்கிவிடுவார். டாக்டர் குரலாக மட்டும் மிஞ்சுவார். ஆகவே அனுபவஸ்தர்கள் கைக்கு வேலை குறைவாகவே வைத்துக்கொள்கிறார்கள். ஒரே ஒரு அசைவு, அதுவும் ஒரு வார்த்தையோடு கட்டிப்போட்டது. கையில் டீக்கோப்பை இருந்தால் குடிப்பதுபோல் தூக்கிவிட்டுக் குடிக்காமல் வைத்துவிடுவார்கள். கோப்பையில் டீயின் மட்டம் குறைந்தால் அதுவும் கன்டின்யூட்டி சங்கடம்.

நாயகியின் குளோசப்பின்போது டாக்டர் கேமராவுக்குப் பின்னால் நின்று தன் வசனத்தைச் சொல்வார். அங்கே இரண்டு தப்புகள் நடக்கும். ஒன்று, 'நம்மைப் படம் பிடிக்கவில்லையே' என்று சுரத்தில்லாமல் படிப்பது. நாயகிக்குப் பிடித்து நடிக்க எதுவும் கிடைக்காது, அவர் அதை மறக்கவும் மாட்டார். இரண்டாவது, அவர் பேசி முடிக்கும் முன்பே தன் வரியைத் தொடங்கிவிடுவது. இரண்டு குரலும் ஒன்றின்மேல் ஒன்று விழுந்தால் ஒலியை வெட்ட முடியாது. இயல்பாக இருக்கிறதே என்று தோன்றும், ஒலிப்பதிவாளருக்கோ தலைவலி.

எல்லாவற்றையும்விட அடிக்கடி நடக்கும் கோளாறு, அந்த ஒன்றரைப் பக்கத்தில் தன் திறமை முழுவதையும் காட்டிவிட நினைப்பது. பிணவறை டாக்டருக்கு இது இன்னொரு சாதாரணச் செவ்வாய்க்கிழமை. காலையிலிருந்து மூன்றாவது சடலம். அவர் சோகப்பட்டால் பார்ப்பவர் கவனம் இன்ஸ்பெக்டரை விட்டுவிடும். காட்சி யாருடையது என்று தெரிந்து, அதற்கு வேண்டிய தகவலைத் தெளிவாகக் கொடுத்துவிட்டு, போகிறபோக்கில் ஒரு மனிதன் இங்கே வாழ்கிறான் என்று காட்ட வேண்டும். லெ மெஸூரியர் அதில் மன்னர். கொஞ்சம் களைப்பு, கொஞ்சம் மரியாதை, எதையோ சொல்ல வந்து வேண்டாமென்று விட்டது மாதிரி ஒரு பார்வை. அவ்வளவுதான் செய்வார்.

அச்சும் வயதும்

ஒருவர் ஓர் அச்சில் சிக்கி ஒரே வகையான வேடத்துக்கே அழைக்கப்படுவதை எல்லாரும் சாபமாகப் பேசுவார்கள். சம்பாத்தியம் என்று பார்த்தால், முதல் பத்து வருஷத்துக்கு அது வரம். 'நம்பத்தகாத வக்கீல்' என்றதும் காஸ்டிங் டைரக்டருக்கு உங்கள் முகம் நினைவுக்கு வந்தால் வேலை ஓடும். சாபமாவது, அச்சு உங்கள் முகத்தால் அல்லாமல் தோல் நிறத்தால் முடிவாகும்போது. ரோஷன் சேத் லண்டனின் லாம்டா பள்ளியில் படித்தவர். வேடங்கள் கிடைக்காமல் சலித்து, 1970களின் பிற்பகுதியில் டெல்லிக்குத் திரும்பி ஒரு இதழுக்கு ஆசிரியராக இருந்தார். பிறகுதான் 'காந்தி' படத்தின் நேரு வேடம் வந்தது. அதே 1982 படத்தில் பட்டேலாக வந்த சயீத் ஜாஃப்ரி, 1985இல் வந்த 'மை பியூட்டிஃபுல் லாண்ட்ரெட்' படத்துக்காக பிரிட்டிஷ் திரைப்பட அகாடமியின் பாஃப்டா துணை நடிகர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார். பின்னாளில் 'கொரோனேஷன் ஸ்ட்ரீட்' தொடரில் கடை நடத்தினார்.

இன்றைக்கு வழி கொஞ்சம் அகலமாகியிருக்கிறது. தமிழ்ப் பெற்றோரின் மகளான சிமோன் ஆஷ்லி 2019இல் 'செக்ஸ் எஜுகேஷன்' தொடரில் பள்ளித் தோழிகளில் ஒருத்தியாக வந்தார். 2022இல் 'பிரிட்ஜர்ட்டன்' இரண்டாம் பருவத்துக்கு அவரே நாயகி. தங்கையாக வந்த சரித்ரா சந்திரனும் தமிழ்க் குடும்பத்துப் பெண். அந்தத் தொடரில் அக்கா தங்கை இருவரும் தந்தையை 'அப்பா' என்கிறார்கள், அக்காவைத் தங்கை 'தீதி' என்கிறாள். அதைக் கேட்டுச் சிரிக்காத தமிழர் இருக்க முடியாது.

வயதைப் பொறுத்தவரை இந்தத் தொழில் வினோதமானது. நாயகர்கள் தேய ஆரம்பிக்கும் வயதில் இவர்களுக்குப் பூக்கும். லிஸ் ஸ்மித் இரண்டு பிள்ளைகளைத் தனியாக வளர்த்துக்கொண்டு லண்டன் ஹாம்லீஸ் பொம்மைக் கடையில் விற்பனை வேலை பார்த்தவர். 'ப்ளீக் மொமென்ட்ஸ்' படத்துக்காக இயக்குநர் மைக் லீ அழைத்தபோது ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தார். 1984இல் வந்த 'எ பிரைவேட் ஃபங்ஷன்' படத்துக்கு பாஃப்டா துணை நடிகை விருது வாங்கினார். அதே படத்துக்குத் துணை நடிகர் விருது டென்ஹோம் எலியட்டுக்கு. அவர் அந்த விருதைத் தொடர்ந்து மூன்று வருஷம் வாங்கியவர். நீளம் ஒரு பொருட்டல்ல என்பதற்கு ஜூடி டென்ச் போதும். 'ஷேக்ஸ்பியர் இன் லவ்' படத்தில் ராணியாக ஏறத்தாழ எட்டு நிமிஷம் வந்து ஆஸ்கர் வாங்கிப் போனார்.

அமெரிக்கப் படங்கள் பைன்வுட், எல்ஸ்ட்ரீ, லீவ்ஸ்டன் ஸ்டூடியோக்களில் எடுக்கப்படுவதும் இவர்களுக்குப் பெரிய வாய்ப்பு. நாயகர் கலிஃபோர்னியாவிலிருந்து வருவார். தளபதி, அமைச்சர், வில்லன் எல்லாம் லண்டன் மேடையிலிருந்து. ஜூலியன் குளோவர் 'தி எம்பயர் ஸ்ட்ரைக்ஸ் பேக்', ஒரு ஜேம்ஸ் பாண்ட் படம், ஒரு இண்டியானா ஜோன்ஸ் படம், 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' என்று நாலிலும் வந்தார். பிரிட்டன் அரசு 2007இல் படங்களுக்கும் 2013இல் பெரிய பட்ஜெட் தொடர்களுக்கும் தந்த வரிச்சலுகைக்குப் பின் இந்த வேலைகள் இன்னும் பெருகின.

பணம்

நாள் கணக்கிலோ வாரக் கணக்கிலோ ஒரு அடிப்படைத் தொகை. அதற்குமேல் படைப்பு எங்கே, எத்தனை முறை காட்டப்படுகிறது என்பதற்கான தொகை. முன்பு மறுஒளிபரப்புக்கு மறுஒளிபரப்பு காசு வரும். இத்தனை முறைதான் காட்டலாம் என்று ஒப்பந்தத்தில் எல்லையும் இருந்தது. பிபிசி பழைய நாடாக்களை அழித்து மறுபடி பயன்படுத்தியதற்கு அதுவும் ஒரு காரணம். 'டாட்ஸ் ஆர்மி'யின் மூன்று அத்தியாயங்கள் இன்றுவரை கிடைக்கவில்லை. இப்போது ஓடிடி நிறுவனங்கள் பல வருஷ உரிமைக்குச் சேர்த்து ஒரே தொகையாகக் கொடுத்துவிட விரும்புகின்றன. கையில் உடனே கூடுதலாக வரும், பிறகு தபாலில் எதுவும் வராது. காட்சி எடிட்டிங்கில் வெட்டுப்பட்டாலும் வேலை செய்த நாளுக்கான சம்பளம் போகாது.

பணம் முதலில் ஏஜென்ட்டிடம் போகும். கமிஷன் பெரும்பாலும் 10 முதல் 15 சதவீதம், விளம்பரங்களுக்கு 20 வரை. ஏஜென்ட் வாட் வரியில் பதிவு செய்தவர் என்றால் கமிஷன்மேல் 20 சதவீத வாட்டும் சேரும். 1,000 பவுண்டு வேலைக்குக் கமிஷன் 12.5 சதவீதம் என்றால் 125, அதன்மேல் வாட் 25. கைக்கு வருவது 850. அதிலிருந்து போட்டோ, ஸ்பாட்லைட் சந்தா, ரயில் செலவு எல்லாம். வேலையில்லாத மாதங்களை வானொலி நாடகம், ஒலிப்புத்தகம், விளம்பரக் குரல், பயிற்சி வகுப்பு என்று நிரப்புவார்கள். கேட்ட அன்றே விடுப்பு தரும் கடை, அலுவலக வேலைகளுக்கு நடிகர்களிடையே பெரிய கிராக்கி.

வரி விஷயத்தில் நடிகர் சுயதொழில் செய்பவர். நிதியாண்டு ஏப்ரல் 5இல் முடிகிறது, வரியைக் கட்டக் கடைசி நாள் அடுத்த ஜனவரி 31. ஒரு நல்ல தொடர் கிடைத்த வருஷத்துக்கான வரி, வேலையே இல்லாத குளிர்காலத்தில் கழுத்தைப் பிடிக்கும். முதல்முறை வரி 1,000 பவுண்டைத் தாண்டினால், அந்த வரியோடு அடுத்த வருஷத்துக்கான முன்பணமாக அதில் பாதியையும் அன்றே கட்டச் சொல்வார்கள், மீதிப் பாதியை ஜூலை 31இல். 3,000 கட்ட வேண்டும் என்று நினைத்திருந்தவருக்கு 4,500 என்று கடிதம் வரும். ஆகவே ஏஜென்ட்டிடமிருந்து பணம் வந்த அன்றே கால்பங்கை வேறு கணக்கில் போட்டுவிடுங்கள். அடுத்த வருஷ வருமானம் குறையப்போகிறது என்று தெரிந்தால் முன்பணத்தைக் குறைக்கச் சொல்லி விண்ணப்பிக்கவும் வழியிருக்கிறது.